காலேஜ் பார்க் படச்சுருள் காப்பகம்: ஆவணப்படக்காரர்களுக்கான ஒரு சேவை குறித்த மதிப்புரை

அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகத்தின் திரைப்படப் பிரிவு, வாஷிங்டன் நகரை ஒட்டி மேரிலாந்து மாநிலத்திலுள்ள காலேஜ் பார்க்கில் இயங்கிவருகிறது. வரலாற்று ஆவணப்படம் எடுக்கும் எவரும், எந்த நாட்டவராக இருந்தாலும், பயன்படுத்திக்கொள்ளக்கூடிய பொதுச் சேவை அது. நேரில் செல்ல வாய்ப்பில்லாத நமக்கு அதன் இணையப் பட்டியலே வாசல். அந்த வாசல் வழியாகப் பழைய படத்துண்டுகளைத் தேடிப் பழகியவர் என்ற முறையில் இந்த மதிப்புரையை எழுதுகிறேன். யூடியூபில் கிடைத்த துண்டை இறக்கி, படத்தில் ஒட்டி, ஓரத்தில் ‘கோப்புக் காட்சி’ என்று எழுதிவிடும் வழக்கம் நம்மிடையே பரவலாக இருக்கிறது. அந்தக் காட்சியை எடுத்தவர் யார், எந்த நாளில், எந்த ஊரில், யாருக்காக எடுத்தார் என்ற கேள்விகள் அந்த இரண்டு சொற்களோடு முடிந்துபோகின்றன. இந்தக் கேள்விகளுக்கு விடை தேடித் தருவதற்கென்றே ஆட்களை அமர்த்தி, பல பத்தாண்டுகளாக அந்த வேலையைச் செய்துவரும் இடம் என்பதால்தான் காலேஜ் பார்க்கை நான் மதிக்கிறேன். படம் இலவசமாகக் கிடைக்கிறது என்பது அதற்கு அடுத்த காரணம்தான்.

இந்தக் காப்பகம் 1934ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழியாக உருவானது. காகித ஆவணங்களோடு அசையும் படங்களையும் ஒலிப்பதிவுகளையும் ஏற்றுப் பாதுகாக்கும் அதிகாரத்தை அந்தச் சட்டமே அதற்கு வழங்கியது. திரைப்படத்தைக் கொட்டகை வேடிக்கையாகவே பெரும்பாலோர் கருதிய காலத்தில், அதையும் அரசு ஆவணமாக எண்ணியவர்களின் தொலைநோக்கு பாராட்டத்தக்கது. தரைப்படையின் தகவல் தொடர்புப் பிரிவான சிக்னல் கோர் எடுத்த படங்கள் பதிவுத் தொகுதி 111இலும், விமானப்படையின் படங்கள் 342இலும், கடற்படையின் படங்கள் 428இலும், நாசாவின் படங்கள் 255இலும், அமெரிக்கத் தகவல் நிறுவனம் வெளிநாட்டுப் பார்வையாளர்களுக்காகத் தயாரித்த படங்கள் 306இலும் வைக்கப்பட்டுள்ளன. தனியாரிடமிருந்து நன்கொடையாக வந்தவை 200ஆம் தொகுதியில் உள்ளன. ஃபோர்டு மோட்டார் நிறுவனம் அளித்த பழைய படங்களும், 1929 முதல் 1967 வரை கொட்டகைகளில் ஓடிய யுனிவர்சல் செய்திப்படங்களும் அந்த நன்கொடைகளில் குறிப்பிடத்தக்கவை. இந்த எண்களை முதலிலேயே மனத்தில் பதித்துக்கொள்வது நல்லது. பொருளை வைத்துத் தேடுவதைவிட, அந்தப் படத்தை எந்த அமைப்பு எடுத்திருக்கும் என்று யோசித்து, அதன் தொகுதிக்குள் சென்று தேடுபவருக்கே இங்கு விரைவில் பலன் கிடைக்கும். நூலகத்தில் நூல்கள் பொருள்வாரியாக இருக்கும். ஆவணக் காப்பகத்தில் பதிவுகள் அவற்றை உருவாக்கிய அலுவலகத்தின் வரிசையில் இருக்கும். புதிதாக வருபவர்கள் பெரும்பாலும் தடுமாறுவது இந்த இடத்தில்தான்.

உரிமை விஷயத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். அமெரிக்கக் கூட்டரசின் ஊழியர்கள் பணியின் பகுதியாக உருவாக்கிய படைப்புகளுக்கு அந்நாட்டில் பதிப்புரிமை கிடையாது. ஆகவே படைப்பிரிவுகளும் நாசாவும் எடுத்த படங்களில் பெரும்பகுதியை அனுமதிக் கட்டணம் ஏதும் செலுத்தாமல் பயன்படுத்தலாம். யுனிவர்சல் செய்திப்படங்களை அந்நிறுவனம் உரிமையோடு சேர்த்தே அளித்துவிட்டது. நன்கொடைத் தொகுதியிலுள்ள எல்லாவற்றுக்கும் இது பொருந்தாது. அரசுப் படத்துக்குள்ளேயே தனியாருக்கு உரிமையுள்ள இசையோ காட்சியோ இருக்கக்கூடும். ஒவ்வொரு பதிவின் கீழும் பயன்பாட்டுக் கட்டுப்பாடு என்ற பகுதி இருக்கிறது. அதைப் படிக்காமல் பதிவிறக்கப் பொத்தானை அழுத்தக் கூடாது. படத்தை வெளிநாடுகளில் திரையிடும் எண்ணம் இருந்தால் வழக்கறிஞர் ஒருவரிடமும் கேட்டுக்கொள்வது நல்லது. பொதுவுடைமையான இதே காட்சிகளைத் தங்கள் நீர்முத்திரையோடு நொடிக்கு இவ்வளவு என்று விற்கும் வணிக நிறுவனங்கள் உண்டு. ஸ்கேன் செய்த உழைப்புக்கும் தேடித் தரும் வசதிக்கும் அவர்கள் விலை கேட்பதில் தவறில்லை. ஆனால் மூலம் எங்கே இருக்கிறது என்பதை அறிந்தவர்தான் அந்த விலை நியாயமா என்று முடிவுசெய்ய முடியும்.

இந்தக் காப்பகம் ஆவணப்பட உலகத்துக்கு என்ன செய்திருக்கிறது என்பதை உணர, ஹிரோஷிமா, நாகசாகி படச்சுருள்களின் கதையைச் சற்று விரிவாகவே பார்க்க வேண்டும். 1945 செப்டம்பரில் நிப்பான் எய்கஷா என்ற ஜப்பானியச் செய்திப்பட நிறுவனத்தின் குழுவினர் இரு நகரங்களிலும் கறுப்பு வெள்ளையில் படமெடுக்கத் தொடங்கினார்கள். அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம் அந்த வேலையை இடையில் நிறுத்தியது. பின்னர் அதே குழுவைக் கொண்டு படத்தை முடிக்கச் செய்து, 1946இல் மொத்தத்தையும் அமெரிக்காவுக்கு எடுத்துச்சென்றது. அதே காலத்தில் அமெரிக்க விமானப்படைப் பிரிவின் டேனியல் மெக்கவர்ன், ஹெர்பர்ட் சசன் ஆகியோரைக் கொண்ட குழு, 16 மி.மீ. கோடாக்குரோம் வண்ணச் சுருளில் இடிபாடுகளையும் மருத்துவமனைகளில் கிடந்த மனிதர்களையும் பதிவுசெய்தது. இரண்டு தொகுப்புகளும் ரகசியம் என்று முத்திரையிடப்பட்டு, பொதுமக்களின் கண்ணில் படாமல் ஆண்டுக்கணக்கில் கிடந்தன.

கறுப்பு வெள்ளைப் படத்தின் பிரதி 1967இல் ஜப்பானுக்குத் திருப்பியளிக்கப்பட்டது. அந்தச் செய்தியை அறிந்த கொலம்பியா பல்கலைக்கழகப் பேராசிரியர் எரிக் பார்னோ, அமெரிக்காவிலுள்ள சுருள்கள் என்னவாயின என்று பாதுகாப்புத் துறைக்குக் கடிதம் எழுதிக் கேட்டார். அவை தேசிய ஆவணக் காப்பகத்திடம் ஒப்படைக்கப்பட்டிருப்பதாகப் பதில் வந்தது. இரண்டு மணி நேரத்துக்கும் மேலாக ஓடிய அந்தப் பொருளிலிருந்து பார்னோவும் அவருடைய குழுவினரும் 16 நிமிடப் படம் ஒன்றை உருவாக்கினார்கள். 1970 ஆகஸ்டில் அது அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாயிற்று. தமிழ் வாசகர்களுக்கு இந்த இடத்தில் ஒரு செய்தியைச் சொல்லத் தோன்றுகிறது. இயக்குநர் கே. சுப்பிரமணியத்தின் மகனும் சென்னையின் மூத்த ஆவணப்படக்காரருமான எஸ். கிருஷ்ணசாமியோடு சேர்ந்து, இந்தியத் திரைப்பட வரலாற்றை 1963இல் ஆங்கிலத்தில் நூலாக எழுதியவரும் இதே பார்னோதான். பழைய படத்தின் பின்னாலுள்ள காகிதத்தைத் துருவிச் செல்லும் பழக்கம் அவருக்கு இந்தியாவிலேயே நன்கு கைவந்திருக்க வேண்டும்.

வண்ணப் படத்தின் கதை இதைவிட உருக்கமானது. சசன் உயிரோடிருந்தார், தாம் எடுத்த காட்சிகளை மக்கள் பார்க்க வேண்டும் என்று பல ஆண்டுகளாக முயன்று தோற்றிருந்தார். 1970களின் இறுதியில் ஜப்பானிய அமைதிச் செயற்பாட்டாளர்கள் அவரைச் சந்தித்தார்கள். அவர் சொன்ன தகவலைக் கொண்டு, அந்தச் சுருள்கள் ரகசியம் நீக்கப்பட்டுத் தேசிய ஆவணக் காப்பகத்தில் இருப்பதைக் கண்டறிந்தார்கள். ஆனால் அவற்றைப் பிரதியெடுக்கப் பணம் வேண்டும். 1980இல் ஜப்பான் முழுவதும் ஓர் இயக்கம் தொடங்கியது. ஒருவர் 3,000 யென் கொடுத்தால் 10 அடிப் படச்சுருளைப் பிரதியெடுக்கலாம். ‘பத்தடி இயக்கம்’ என்றே அதற்குப் பெயர். எண்ணற்ற எளிய மக்கள் அவரவர் பங்காகப் பத்தடி பத்தடியாக வாங்கி, தங்கள் நகரங்களின் படத்தைத் தாங்களே மீட்டார்கள். அதைக் கொண்டு ஆவணப்படங்கள் உருவாயின. நாகசாகி அருகேயுள்ள ஓமுரா மருத்துவமனையில் 1946 ஜனவரியில் மெக்கவர்ன், சசன் குழு படமெடுத்த சிறுவர்களில் ஒருவர் சுமிதெரு தனிகுச்சி. அணுகுண்டு விழுந்தபோது அவர் 16 வயது அஞ்சல் பையன். முதுகு முழுவதும் வெந்த நிலையில் குப்புறக் கிடத்தப்பட்டிருந்தார். 2010இல் ஐ.நா. அவையில் நடந்த அணு ஆயுதப் பரவல் தடை மாநாட்டில், தன் முதுகின் அந்நாளைய வண்ணப் படத்தைக் கையில் ஏந்தியபடி அவர் பேசினார்.

இந்தக் கதையில் காப்பாளர்களின் பங்கு எங்கே என்று கேட்கலாம். கோடாக்குரோம் சாயம் எளிதில் மங்காது என்பது வேதியியல் தந்த நற்பேறு. மற்றவை மனிதர்கள் செய்தவை. ரகசியமாக இருந்த காலத்திலும் சுருள்களைப் பிரித்தெறியாமல் எண்ணிட்டு வைத்தார்கள். ஒவ்வொரு சுருளிலும் என்னென்ன காட்சிகள் வருகின்றன என்று அட்டையில் எழுதினார்கள். ரகசியம் நீங்கிய பின், கேட்டு வந்தவர் யார், எதற்காகக் கேட்கிறார் என்று விசாரிக்காமல் எடுத்துக் கொடுத்தார்கள். எடுத்த அரசுக்கே தலைகுனிவைத் தரும் காட்சியையும் அந்த அரசின் காப்பகமே எவருக்கும் திறந்து காட்டுகிறது என்பதைத்தான் இந்தச் சேவையின் முதன்மைச் சிறப்பாக நான் கருதுகிறேன்.

இனி, கதவுக்குப் பின்னால் நடக்கும் வேலையைப் பார்ப்போம். படச்சுருள் தானாகவே அழியும் தன்மை கொண்டது. 1950களின் தொடக்கம் வரை 35 மி.மீ. படத்துக்குப் பரவலாகப் பயன்பட்ட நைட்ரேட் சுருள் பழையதாக ஆக ஒட்டிக்கொள்ளும், பொடியாகும், தீப்பற்றினால் நீரூற்றியும் அணையாது. அதற்கு மாற்றாக வந்த அசிடேட், எளிதில் தீப்பிடிக்காது என்பதால் பாதுகாப்புச் சுருள் என்று அழைக்கப்பட்டது. ஆனால் அதற்கும் ஒரு நோய் உண்டு. வெப்பத்திலும் ஈரத்திலும் அசிடேட் சிதைந்து அசிட்டிக் அமிலத்தை வெளியிடும். அந்த அமிலமே சிதைவை மேலும் விரைவுபடுத்தும். டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடிப்பதால் இதை வினிகர் நோய் என்கிறார்கள். சுருள் சுருங்கும், வளையும், ஓரத்துப் பற்துளைகளின் இடைவெளி குறைந்து பழைய கருவிகளில் ஓடாமல் கிழியும். அமிலத்தின் அளவுக்கேற்ப நீலத்திலிருந்து பச்சையாகவும் மஞ்சளாகவும் மாறும் சிறு தாள்களை டப்பாக்களுக்குள் வைத்து, எந்தச் சுருளை முதலில் காப்பாற்ற வேண்டும் என்று காப்பாளர்கள் வரிசைப்படுத்துவார்கள். நோய்க்கு மருந்து கிடையாது. குளிர்ந்த, உலர்ந்த அறையில் வைத்து அதைத் தாமதப்படுத்தலாம். அதற்குள் பிரதியெடுத்துவிட வேண்டும். குளிர் அறையிலிருந்து எடுத்த டப்பாவை உடனே திறந்தால் சுருளின் மீது நீர் கோத்துக்கொள்ளும் என்பதால், அறை வெப்பத்துக்கு மெல்லக் கொண்டுவர வேண்டும். ஒரு காட்சியைக் கேட்டால் ஏன் மறுநாளே வருவதில்லை என்று சலித்துக்கொள்பவர்கள் இதை அறிந்திருக்க வேண்டும்.

காப்பகத்துக்கும் இழப்பு நேர்ந்திருக்கிறது. 1978 டிசம்பர் 7 அன்று மேரிலாந்தின் சூட்லேண்டிலிருந்த நைட்ரேட் கிடங்கில் தீப்பற்றி, யுனிவர்சல் செய்திப்படத் தொகுப்பில் சுமார் 1 கோடியே 26 லட்சம் அடிச் சுருள்கள் எரிந்துபோயின. திரைக்கு வந்த படங்களைவிட, திரைக்கு வராமல் ஒதுக்கிவைக்கப்பட்ட துண்டுகளே அதில் பெரிதும் அழிந்தன. ஆவணப்படக்காரருக்கு அந்த ஒதுக்கல் துண்டுகளின் அருமை தெரியும். வெட்டி ஒட்டிய செய்திப்படத்தில் மூன்று நொடி மட்டும் வரும் முகம், ஒதுக்கல் துண்டில் அரை நிமிடம் நின்றுகொண்டிருக்கும். 2003இல் புணேயில் நம் தேசியத் திரைப்படக் காப்பகத்தின் நைட்ரேட் சுருள்களும் தீக்கிரையானதை நினைத்துப் பார்த்தால், எந்த நாடும் இந்த ஆபத்துக்கு விலக்கல்ல என்பது விளங்கும்.

காப்பகத்துக்குள்ளேயே படச்சுருள்களைச் செப்பனிடும் ஆய்வகம் ஒன்றும் இருக்கிறது. 1963இல் வாஷிங்டனில் நடந்த குடிமை உரிமைப் பேரணியைப் பற்றி அமெரிக்கத் தகவல் நிறுவனத்துக்காக ஜேம்ஸ் புளூ எடுத்த ‘தி மார்ச்’ என்ற படத்தை, பேரணியின் பொன்விழாவையொட்டி 2013இல் அந்த ஆய்வகம் டிஜிட்டல் முறையில் முழுமையாக மீட்டெடுத்தது. இந்தப் படத்தைப் பார்க்குமாறு எல்லோருக்கும் பரிந்துரைக்கிறேன். கறுப்பு வெள்ளையின் சாம்பல் நிறப் படிகள் அத்தனையும் அதில் தெளிவாக நிற்கின்றன. கூடவே ஒரு வரலாற்றுச் செய்தி: அந்த நிறுவனம் தயாரித்த படங்களை அமெரிக்க மக்களுக்கே காட்டக் கூடாது என்று 1948ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று தடுத்திருந்தது. 1990இல் செய்யப்பட்ட திருத்தத்துக்குப் பிறகே, வெளியாகி 12 ஆண்டுகள் கடந்த படங்களைக் காப்பகத்தின் வழியாக உள்நாட்டினர் பார்க்க வழி பிறந்தது. 306ஆம் தொகுதியில் ஆசிய, ஆப்பிரிக்க நாடுகள் தொடர்பான படங்கள் கணிசமாக இருப்பதால், பனிப்போர்க் காலத்தைப் பற்றிப் படமெடுக்கும் தெற்காசியர்கள் அதைத் தவறவிடக் கூடாது. அவை பரப்புரைப் படங்கள் என்பதை மறக்காமல் பயன்படுத்த வேண்டும்.

நிலவுப் பயணத்தைப் பற்றிய ‘அப்பல்லோ 11’ என்ற 2019ஆம் ஆண்டு ஆவணப்படத்தின் பின்னணி பலருக்கும் தெரிந்திருக்கும். இயக்குநர் டாட் டக்ளஸ் மில்லரின் குழு, கிடைக்கும் அப்பல்லோ சுருள்களையெல்லாம் புதிதாக ஸ்கேன் செய்ய விரும்பிக் காப்பகத்தை அணுகியது. தேடலுக்கிடையே, காப்பாளர் டான் ரூக்ஸும் அவருடைய சகாக்களும் 2017இல் பெரிய அளவிலான 165 மூலச் சுருள்களை அடையாளம் கண்டு தகவல் தெரிவித்தார்கள். அவற்றில் 61 சுருள்கள் அப்பல்லோ 11 பயணத்தோடு நேரடித் தொடர்புடையவை. 65 மி.மீ. அகலத்தில் எடுக்கப்பட்ட அந்தக் காட்சிகளை ஸ்கேன் செய்ய நியூயார்க்கிலுள்ள ஃபைனல் ஃபிரேம் நிறுவனம் தனிக் கருவியையே அமைத்தது. படம் பார்த்தவர்கள் ஏவுதளத்தின் அருகே கூடியிருந்த மக்களின் முகங்களைக் கண்டு வியந்தார்கள். நேற்று எடுத்ததுபோல் இருக்கிறது என்றார்கள். வெப்பமும் ஈரமும் கட்டுப்படுத்தப்பட்ட அறையில் அரை நூற்றாண்டுக் காலம் யாரும் கேட்காத சுருள்களை எண்ணோடு வைத்திருந்ததன் பலன் அது. ‘கண்டெடுப்பு’ என்று செய்தித்தாள்கள் எழுதின. காணாமற்போனதைத்தான் கண்டெடுக்க முடியும். இவை காணாமற்போகவே இல்லை.

இதே பயணத்தின் மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். நிலவிலிருந்து வந்த தொலைக்காட்சிச் சமிக்ஞையை நேரடியாகப் பதிந்த மூல நாடாக்கள், பிற நாடாக்களோடு சேர்த்து அழிக்கப்பட்டு மறுபடி பயன்படுத்தப்பட்டுவிட்டன என்ற முடிவுக்கு நாசா 2009இல் வந்தது. நாடாத் தட்டுப்பாடு இருந்த காலத்தில், தரவு நாடாக்கள் என்ற கணக்கில் அவையும் போய்விட்டன. ஒளிபரப்பான பிரதிகள் இருந்ததால் காட்சி தப்பியது; மூலத்தின் தெளிவு திரும்பவில்லை. ஒரே நிகழ்வின் ஒரு பதிவு எட்டாயிரம் புள்ளி அகலத்தில் ஸ்கேன் ஆகும் தெளிவோடு நிற்கிறது, மற்றொன்று இல்லை. பொருளை நிரந்தர ஆவணம் என்று ஒருவர் முடிவுசெய்து கையெழுத்திட்டாரா இல்லையா என்பதுதான் வேறுபாடு.

இப்போது, இந்தச் சேவையில் நான் எல்லாவற்றுக்கும் மேலாக மதிக்கும் பகுதிக்கு வருகிறேன். அது படமன்று, காகிதம். போர்க்களத்தில் படமெடுத்த சிப்பாய் ஒவ்வொரு சுருளோடும் ஒரு குறிப்புத் தாளை அனுப்ப வேண்டியிருந்தது. தன் பெயர், பிரிவு, தேதி, இடம், ஒவ்வொரு ஷாட்டிலும் என்ன நடக்கிறது என்ற விவரம் ஆகியவை அதில் இருக்கும். படப்பிடிப்புக்காரர்கள் அதை டோப் ஷீட் என்பார்கள். அதிலிருந்தும் சுருளைப் பார்த்தும் தயாரிக்கப்பட்ட ஷாட் அட்டைகள் காப்பகத்தில் உள்ளன. பலவும் ஸ்கேன் செய்யப்பட்டிருக்கின்றன. குறிப்புத் தாள் இல்லாத காட்சி, பத்திரம் இல்லாத மனையைப் போன்றது; பார்க்க நன்றாகத்தான் இருக்கும், அதன்மேல் எதையும் கட்ட முடியாது.

அதற்குச் சிறந்த சான்று பேர்ள் ஹார்பர் காட்சிகள். 1941 டிசம்பர் 7 தாக்குதலின்போது உண்மையில் எடுக்கப்பட்ட அசையும் படம் மிகக் குறைவு. ஜான் ஃபோர்டும் ஒளிப்பதிவாளர் கிரெக் டோலண்டும் கடற்படைக்காக உருவாக்கி 1943இல் வெளியான ‘டிசம்பர் 7த்’ படத்துக்காக, பல காட்சிகள் மாதிரி உருவங்களைக் கொண்டும் நடிகர்களைக் கொண்டும் மீண்டும் படைக்கப்பட்டன. வெடிக்கும் கப்பல்களும் ஓடியபடி துப்பாக்கியை உயர்த்தும் வீரர்களும் தத்ரூபமாக அமைந்துவிட்டதால், பின்வந்த ஆவணப்படங்கள் பலவற்றில் அவை உண்மைக் காட்சியாகவே இடம்பெற்றன. படத்தை மட்டும் பார்த்தால் வேறுபாடு தெரியாது. சுருளின் எண், தயாரிப்புக் கோப்பு, குறிப்பு அட்டை ஆகியவற்றை ஒப்பிட்டால் உடனே தெரிந்துவிடும். ஒட்டி வெட்டி முடித்த படத்திலிருந்து காட்சியை எடுக்காமல், அதற்கு மூலமான வெட்டாத சுருளுக்கே செல்ல வேண்டும் என்று காப்பாளர்கள் சொல்வது இதனால்தான். கல்கத்தா, அசாம், பர்மா பகுதிகளில் அமெரிக்கப் படையினர் எடுத்த இரண்டாம் உலகப்போர்க் காட்சிகளைத் தேடும் நம்மவர்களுக்கும் இது பொருந்தும். போர்க்காலத்தில் அசாமிலிருந்து பர்மாவுக்குள் போடப்பட்ட லிடோ சாலை அமைக்கப்பட்ட காட்சியில் மண் சுமக்கும் தொழிலாளர்கள் யார், எந்த மாதம், எந்த மைல்கல் என்பதைக் கண்ணால் ஊகிக்கக் கூடாது. அட்டையில் பார்க்க வேண்டும்.

தேடும்போது அக்காலத்து எழுத்துகளையே பயன்படுத்துங்கள். சென்னையை மெட்ராஸ் என்றும், இலங்கையைச் சிலோன் என்றும், திருகோணமலையை ட்ரிங்கோமலி என்றும் ஆங்கில எழுத்தில் இட்டால்தான் பழைய அட்டைகள் அகப்படும். எழுதியவர் கேட்ட ஒலியில் எழுதியிருப்பார் என்பதால், ஊர்ப்பெயரின் பிழையான வடிவங்களையும் முயன்று பார்க்க வேண்டும். இனங்களையும் மக்களையும் குறிக்க அன்று வழங்கிய புண்படுத்தும் சொற்கள் சில பதிவுகளில் அப்படியே இருக்கின்றன. ஆவணத்தின் சொல்லை மாற்றுவது வரலாற்றை மாற்றுவதாகும் என்பதால் அவற்றை விட்டுவைத்து, தனி அறிவிப்பின் மூலம் காப்பகம் வாசகரை எச்சரிக்கிறது. அது சரியான முடிவென்றே நினைக்கிறேன்.

குறைகளும் உண்டு. பட்டியலில் பதிவு இருப்பதாலேயே படமும் இணையத்தில் இருக்கிறது என்று பொருளில்லை. டிஜிட்டல் ஆனவை மொத்தத்தில் ஒரு பகுதிதான். இணையத்தில் கிடைக்கும் பிரதிகளின் தரமும் சீராக இல்லை. அண்மையில் மூலச் சுருளிலிருந்து ஸ்கேன் செய்யப்பட்டவை பெரிய திரைக்கும் தாங்கும், முன்னாளில் வீடியோ நாடாவுக்கு மாற்றப்பட்டவற்றிலிருந்து எடுத்தவை குழைந்து தெரியும். உயர்தரப் பிரதி வேண்டுமானால் அதற்கென உள்ள தனியார் ஆய்வகங்களின் வழியாகச் செல்ல வேண்டும். படம் இலவசம் என்றாலும் ஸ்கேன் செய்யும் செலவு நம்முடையது. நேரில் செல்ல முடிந்தவர்கள் முன்பதிவு செய்து, ஆய்வாளர் அட்டை பெற்று, பார்வைப் பிரதிகளிலிருந்து தங்கள் சொந்தக் கருவியில் பிரதியெடுத்துக்கொள்ளலாம் என்பது பெரும் வசதி. கடல் கடந்திருக்கும் நமக்கு அது எட்டாக்கனி. ஆகவே தயாரிப்புத் திட்டத்தில் ஆய்வுக்கெனச் சில மாதங்களை ஒதுக்காதவர்கள் இந்தச் சேவையை நம்பி இறங்க வேண்டாம்.

விரைவு முக்கியம் என்றால் பிரிட்டிஷ் பாத்தே போன்ற வணிகத் தொகுப்புகள் பொருத்தமாக இருக்கும். 2014இல் அந்நிறுவனம் தன் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியதால் பார்ப்பது மிக எளிது. பயன்படுத்தக் கட்டணம் உண்டு. ஆனால் அங்கு பெரும்பாலும் கிடைப்பது வர்ணனையோடு வெட்டி முடித்த செய்திப்படம். காலேஜ் பார்க்கின் வலிமை வெட்டாத சுருள்களில் இருக்கிறது. நம் நாட்டில் 1948இல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷனின் செய்திப்படங்களும் 1964இல் அமைந்த புணேக் காப்பகமும் இருக்கின்றன. விடுதலைக்குப் பிந்திய இந்தியாவைப் பற்றிய படத்துக்கு முதலில் செல்ல வேண்டிய இடங்கள் அவையே. அவற்றின் சுருள்களோடும் இப்படியொரு குறிப்பு அட்டையும் எவரும் திறந்து பார்க்கக்கூடிய பதிவும் இணைய வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

மாணவர்களுக்கும், குறைந்த செலவில் படமெடுக்கும் தனியாட்களுக்கும், போர், விண்வெளி, பனிப்போர் ஆகியவற்றைப் பற்றிப் படமெடுப்போருக்கும் இந்தச் சேவையைத் தயக்கமின்றிப் பரிந்துரைக்கிறேன். எடுத்த காட்சிக்கு ‘கோப்புக் காட்சி’ என்று போடாமல், காப்பகத்தின் பெயரையும் சுருளின் எண்ணையும் இறுதிப் பட்டியலில் குறிப்பிடுங்கள்; உங்கள் படத்தைப் பார்த்து அடுத்த ஆய்வாளர் அதே சுருளுக்குச் செல்ல அந்த எண்தான் உதவும். காப்பகத்திடம் ஒரே ஒரு கோரிக்கை வைப்பேன். சில பதிவுகளில் படமும் அதற்குரிய ஷாட் அட்டையும் ஒரே பக்கத்தில் இணைந்திருக்கின்றன. எல்லாப் பதிவுகளிலும் அப்படி இல்லை. புதிய சுருள்களை ஏற்றும் வேகத்தைச் சற்றுக் குறைத்தேனும், ஏற்கெனவே ஏறிய படங்களோடு அவற்றின் அட்டைகளைச் சேர்த்துவிட்டால், அவசரத்தில் வருபவரும் காகிதத்தைப் பார்க்காமல் படத்தை எடுத்துச்செல்ல நேராது.